பபூனுக்குப் பக்கத்தில் நின்றவர்களுக்கு நன்றி

அன்புடையீர், வணக்கம்.

ஸ்பெஷல் நாடகம் என்னும் ஊர்த் திருவிழா மேடை நாடகத்தில் வரும் கோமாளியான பபூனின் காமெடிக் கேசட்டுகளைக் கணினியில் ஏற்றி, பேச்சை எழுத்தில் இறக்கும் வேலை ஓரளவு முடிந்திருக்கிறது. கைகொடுத்தவர்களில் பலர் பெயர் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார்கள். ஆகவே தொழிலைச் சொல்லியே நன்றி சொல்கிறோம்.

முதல் நன்றி மிருதங்கக்காரர்களுக்கு. பபூன் ஜனத்தைப் பார்த்துப் பச்சையாகப் பேசுகிறார் என்பது நாடகம் பார்க்காதவர்கள் சொல்வது. வில்லங்கமான இடம் வந்ததும் அவர் ஜனத்தை விட்டுவிட்டு வாத்தியக்காரர் பக்கம் திரும்பிக்கொள்வார். "அண்ணே, இதை வெளிய சொல்லிராதீங்க" என்று ஆரம்பித்து, கதையை அவரிடம் சொல்வதுபோலவே சொல்வார். பெண்கள் பக்கம் உட்கார்ந்திருப்பவர்கள் காதில் அது ஏதோ தற்செயலாக விழுந்ததாகக் கணக்கு. இந்த ஏற்பாடு நிற்பது மிருதங்கக்காரர் போடும் "ஆமா", "அட", "அப்புறம்" மேல்தான். அவர் வாய் திறக்காமல் உட்கார்ந்துவிட்டால் பபூன் நேராக ஜனத்தோடு பேச வேண்டியிருக்கும். அதே வரி அப்போது அசிங்கமாகிவிடும்.

அடியும் அவர் கையில்தான். பபூன் கேட்க, டான்ஸ் வேடம் கட்டிய பெண் பதில் சொல்லும் இந்த மாதிரி ஒரு பேச்சை எடுத்துக்கொள்ளுங்கள்.

"ஏம்மா, உங்க வீட்டுக் கெணத்துல ஊத்து இருக்கா?"

"ஊத்தெல்லாம் இருக்கு. ஒங் கயிறுதான் எட்டாது."

'கயிறுதான்' என்ற இடத்திலேயே மிருதங்கம் விழுந்தால் சிரிப்பு செத்துப்போகும். 'எட்டாது' முடிந்து, பபூன் முகத்தைத் தொங்கப்போட்ட பிறகு ஒரே ஒரு அடி. அதற்கும் தாமதித்தால் அடுத்த வரி சிரிப்பில் அமுங்கிவிடும். எழுத்தில் இறக்கும்போது அந்த அடிக்கென்று ஒரு குறி போட்டே ஆக வேண்டும் என்று வாத்தியக்காரர்கள் பிடிவாதம் பிடித்தார்கள். அவர்கள் சொன்னதே சரி.

மேலே உள்ள பேச்சில் ஜெயித்தது யார் என்று பார்த்தீர்களா? டான்ஸ் வேடம் கட்டும் பெண்களுக்கு நன்றி சொல்வது வெறும் மரியாதைக்கு இல்லை. ஸ்பெஷல் நாடகத்தில் ஒவ்வொருவரும் தனித்தனியாகத் தேதி கொடுத்து, தனித்தனி ஊரிலிருந்து வருகிறவர்கள். ஒத்திகை கிடையாது, இயக்குநர் கிடையாது. பபூனும் டான்ஸும் அன்று இரவுதான் முதன்முதலாகச் சந்திக்கிறார்கள் என்பதும் உண்டு. நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகளின் (1867–1922) பாட்டுகள் நாடகத்துக்குத் துணை நிற்கும். பபூன் காமெடிக்கு அச்சுப் பிரதி இல்லை. பபூன் தனியாகப் பாடிப் பேசுவது, டான்ஸ் ஆடி வருவது, இருவரும் மோதிக்கொள்வது, சண்டை, போட்டி, கடைசியில் காதல் என்ற வரிசை மட்டுமே இருவர் மனசிலும் இருக்கும். அதற்குள் எந்த வரிக்கும் எதிர்வரி சொல்ல அந்தப் பெண் தயாராக இருக்க வேண்டும். சிரிப்பும் கைதட்டலும் பபூனுக்கு, கெட்ட பெயர் மட்டும் அவருக்கு என்பதுதான் இந்தத் தொழிலின் அநியாயம். மேடைக்கு முன்னால் கட்டை கட்டி, குடித்துவிட்டு ஏறுகிறவனைத் தடுத்து, உடை மாற்ற நாலு பக்கமும் மறைத்த இடம் கொடுத்த விழாக் கமிட்டிக்காரர்களையும் இங்கேயே வணங்கிவிடுகிறோம்.

ஹார்மோனியக்காரர்கள் செய்த உதவி எதிர்பாராதது. பழைய டேப்ரிக்கார்டர்கள் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. கேசட் நொடிக்கு 4.76 சென்டிமீட்டர் ஓட வேண்டும். அரைக் கட்டை சுருதி, அதாவது ஹார்மோனியத்தில் ஒரு சாவி, ஏறிக் கேட்டால் வேகம் ஏறக்குறைய 6 சதவீதம் கூடிவிட்டது என்று அர்த்தம். ஹார்மோனியத்தின் சுருதி அடுத்தடுத்த இரண்டு சாவிகளுக்கு நடுவே நின்றால் வேகத்தில் கோளாறு என்று யாரும் சொல்லிவிடலாம், பழைய ஹார்மோனியப் பெட்டியின் சிறு விலகலைக் கழித்துக்கொண்டு. அச்சாக ஒரு சாவி தள்ளி நின்றால் கருவி காட்டிக்கொடுக்காது. "இவரு நாலரைக் கட்டைக்கு மேல பாடவே மாட்டாரு, ஓட்டத்தைக் குறைங்க" என்று சொல்ல, அவருக்குப் பின்பாட்டுப் பாடியவர்தான் வேண்டும்.

கேசட் பழுதுபார்க்கும் கடைக்காரர்களுக்கும் கடன்பட்டிருக்கிறோம். நாடாவை டேப்ரிக்கார்டரின் தலையோடு (ஒலியைப் படிக்கும் பகுதி) அழுத்திப் பிடிக்கும் சின்னக் கம்பளித் துண்டு பல கேசட்டுகளில் உதிர்ந்துபோயிருந்தது. அது இல்லாவிட்டால் 'ச', 'ட' போன்ற ஒலிகள் மழுங்கிவிடும். இரட்டை அர்த்தம் பெரும்பாலும் ஒரே எழுத்தில் தொங்குகிறது. எழுத்து மழுங்கினால் மிஞ்சுவது ஒற்றை அர்த்தம், அதுவும் பெரும்பாலும் கெட்ட அர்த்தம். இன்னொரு கேசட்டின் துண்டை எடுத்து ஒட்டி, தலைப்பக்கத்துச் சின்னத் திருகை ஒலி கூர்மையாகும்வரை கடுகளவு கடுகளவாகத் திருப்பித் தந்தார்கள். பூஞ்சை பிடித்த நாடாவை ஓடவே விடவில்லை. அப்படி ஓட்டினால் பூஞ்சை தலையில் ஒட்டி அடுத்த கேசட்டுக்கும் பரவும்.

மைக்செட்காரர்கள் தொங்குமைக் காலத்துப் பதிவுகளில் பபூன் எங்கே நின்று பேசினார் என்பதைக் காதாலேயே சொன்னார்கள். குரல் திடீரென்று தணிந்தால், அவர் மைக்கை விட்டு வாத்தியக்காரர் பக்கம் போயிருக்கிறார். அடுத்து வருவது வில்லங்கம்.

சட்டம் தெரிந்த நண்பர்களுக்கும் நன்றி. 2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகள் இரவு 10 மணி முதல் காலை 6 மணிவரை திறந்தவெளியில் ஒலிபெருக்கியைத் தடுக்கின்றன. விழாக்களுக்காக ஆண்டில் 15 நாளுக்கு மிகாமல் நள்ளிரவுவரை தளர்த்த மாநில அரசுக்கு இடமுண்டு. பத்து மணிக்கு மேல் தொடங்கி விடியவிடிய நடந்த கலைக்கு இது எவ்வளவு பெரிய இடி என்று அவர்கள் விளக்கிய பிறகுதான் விளங்கிற்று. நேரம் சுருங்கினால் நாடகக் கதையில் வரும் வள்ளியையும் வேலனையும் தொட மாட்டார்கள். பபூன் தலையில்தான் கை வைப்பார்கள்.

கேசட் கொடுத்த வீட்டாருக்கு: எல்லாவற்றையும் திருப்பித் தருகிறோம். மேலே மறுபதிவு செய்துவிடாதபடி பின்பக்கத்துச் சின்னப் பிளாஸ்டிக் தாவல்களை (tab) உடைத்திருக்கிறோம். படுக்கப் போடாமல் செங்குத்தாக நிறுத்தியே வையுங்கள், ஸ்பீக்கர் பக்கத்தில் வேண்டாம்.

இப்படிக்கு,
கேசட் வேலை பார்த்தவர்கள்