ஐம்பது பவுன் கரைந்த கதை

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் வந்து பத்து நாளாகிறது. கண்புரை எடுத்துவிட்டுச் சொட்டு மருந்தோடு கிடந்ததால் உடனே எழுத முடியவில்லை. இப்போது பரவாயில்லை. பஸ் போர்டைத் தூரத்திலிருந்தே படிக்கிறேன்.

கேரம் இரட்டையரில் நாம் ஜெயித்த பித்தளைக் கோப்பை என்ன ஆயிற்று என்று கேட்டிருந்தாய். சொல்கிறேன், அதற்கு முன்னால் வேறு ஒரு பதக்கத்தின் கதை. நோபல் அறிவிப்பு வந்த அன்று பேரன் கேட்டான், "தாத்தா, அந்த மெடல் நிஜத் தங்கமா?" அவனுக்குப் பதில் தேடப் போய் நானே அதில் மாட்டிக்கொண்டேன்.

நிஜத் தங்கம்தான். 1980 வரை 23 காரட், சுமார் 200 கிராம். நம் கணக்கில் 25 பவுன். இப்போது 18 காரட்டில் 175 கிராமாகக் குறைத்து, மேலே சொக்கத்தங்க முலாம் பூசுகிறார்கள். நோபல் பரிசு தரும் ஸ்டாக்ஹோமிலும் சிக்கனம் வந்துவிட்டது!

பி.யூ.சி. லேபில் வாத்தியார் காட்டியது நினைவிருக்கிறதா? தஞ்சாவூர்ப் படத்துக்கு ஒட்டும் தங்க ரேக்கில் ஒரு துணுக்கு. ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் போட்டார், அசையவில்லை. நைட்ரிக்கில் போட்டார், அதிலும் அப்படியே கிடந்தது. மூன்று பங்குக்கு ஒரு பங்கு என்று இரண்டையும் கலந்த ராஜ திராவகத்தில் போட்டதும் காணாமல் போயிற்று. நீ இருமிக்கொண்டே வெளியே ஓடினாய்.

அதே வேலையை, ஜெர்மன் படை டென்மார்க்குக்குள் புகுந்த 1940 ஏப்ரலில், கோபன்ஹேகனில் ஹெவெஷி என்ற ஹங்கேரிய வேதியியலாளர் செய்திருக்கிறார், துணுக்கில் அல்ல, இரண்டு முழுப் பதக்கங்களில். நாஜிகள் ஆண்ட ஜெர்மனியிலிருந்து தங்கத்தை வெளியே அனுப்புவது பெரிய குற்றம். நாஜிகளை எதிர்த்த லாவே (1914 இயற்பியல்), யூதரான ஃபிராங்க் (1925 இயற்பியல்) இருவரின் நோபல் பதக்கங்களும் அங்கே டென்மார்க் இயற்பியலாளர் நீல்ஸ் போரின் ஆய்வுக்கூடத்தில் பத்திரமாக இருந்தன. நீல்ஸ் போர் தன் பதக்கத்தை ஃபின்லாந்து நிவாரணத்துக்காக ஏற்கெனவே ஏலத்துக்குக் கொடுத்துவிட்டார். இந்த இரண்டிலும் பெயர் வெட்டியிருந்தது. அகப்பட்டால், ஜெர்மனியிலேயே இருந்த லாவேயின் கதி என்னவாகும்?

புதைத்துவிடலாம் என்றார் ஹெவெஷி. தோண்டி எடுத்துவிடுவார்கள் என்றார் நீல்ஸ் போர். சரி, கரைத்துவிடலாம் என்று முடிவாயிற்று. ரேக்கு என்றால் நொடியில் கரையும். ஐம்பது பவுன் கட்டித் தங்கம் அப்படிக் கரையுமா? தெருவில் ஜெர்மன் படை நடந்து போக, உள்ளே ஹெவெஷி அந்தக் குடுவையைப் பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறார். எனக்கென்னவோ அறிவியல் வரலாற்றிலேயே பிடித்த காட்சி இதுதான்.

ஜெர்மானியர்கள் அந்த ஆய்வுக்கூடத்தைச் சோதனையிட்டார்கள். அலமாரியில் எத்தனையோ பாட்டில்களோடு அதுவும் ஒரு ஆரஞ்சு நிறத் தண்ணீர். 1943இல் ஹெவெஷியும் ஸ்வீடனுக்குத் தப்பிப் போனார். அந்த ஆண்டின் வேதியியல் நோபலே பிறகு அவருக்குத்தான் வந்தது. யுத்தம் முடிந்து திரும்பினால் பாட்டில் வைத்த இடத்திலேயே இருந்தது. தங்கத்தைப் பிரித்தெடுத்து ஸ்டாக்ஹோமுக்கு அனுப்ப, அவர்கள் மறுபடி பதக்கமாக வார்த்துக் கொடுத்தார்கள். ஃபிராங்க் கைக்கு அது வந்தது 1952இல்.

"அப்போ அது டூப்ளிகேட்" என்றான் பேரன். எனக்குச் சுருக்கென்றது. அம்மாவின் சங்கிலியை உருக்கித்தானே மகளுக்கு வளையல் செய்தோம்? இன்றும் வீட்டில் அதற்கு அம்மா தங்கம் என்றுதான் பெயர்.

அப்புறம், காந்திக்கு அமைதி நோபல் கொடுக்கவில்லை என்று மூன்று பக்கம் எழுதியிருந்தாய். நியாயம்தான். ஐந்து வருஷம் பெயர் போயும் கொடுக்காமல், அவர் இறந்த 1948இல், உயிரோடு இருப்பவர்களில் தகுந்தவர் இல்லை என்று பரிசையே நிறுத்திவைத்தார்கள். அதற்கு மேல் நான் என்ன சொல்ல?

பதக்கத்தை விற்றவர்களும் உண்டு. ரஷ்யப் பத்திரிகையாளர் முராத்தோவ் 2022இல் ஏலம் விட்டது 10.35 கோடி டாலருக்குப் போயிற்று. அகதிகளான உக்ரைன் குழந்தைகளுக்கென்று அத்தனையையும் கொடுத்துவிட்டார். இன்னொருவர் அமெரிக்க இயற்பியலாளர் லெடர்மேன். முதுமையில் நினைவு தப்பிப்போய், மருத்துவச் செலவுக்கு என்ன செய்வதென்ற கவலையில் 2015இல் குடும்பத்தார் பதக்கத்தை விற்றார்கள். 7,65,000 டாலர். இதைப் படித்த அன்று மத்தியானம் எனக்குத் தூக்கம் வரவில்லை. நம் வயசுக்கு இந்த மாதிரிச் செய்தி ஆகாது.

கோப்பைக்கு வருகிறேன். அடியில் ஓட்டை விழுந்து, கொஞ்ச நாள் என் பேனாக்களைத் தாங்கிக்கொண்டிருந்தது. மூன்று வருஷத்துக்கு முன் வீட்டுக்காரி அதையும் ரெண்டு பழைய செம்பையும் பாத்திரக்கடையில் எடைக்குப் போட்டு, மேலே பணம் கொடுத்துக் குத்துவிளக்கு வாங்கிவிட்டாள். என்னிடம் கேட்கவில்லை. உன்னிடம் சொல்ல எனக்கும் தைரியம் வரவில்லை.

தை மாதம் கல்யாணத்துக்கு வருவதாக எழுதியிருக்கிறாய். மண்டபத்தில் தங்காதே, நேரே வீட்டுக்கு வா. விளக்கைக் காட்டுகிறேன். கேரம் போர்டு இன்னும் பரணில்தான் இருக்கிறது, சிவப்புக் காயைத்தான் காணோம்.

அன்புடன்,
உன் பழைய ஜோடி