நொய்யல் படுகைக்கு ஒரே திட்டம் வேண்டும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மேற்கு மாவட்டங்களின் வளர்ச்சியை ஒப்பிட்டுத் தங்கள் இதழ் வெளியிட்ட கட்டுரையைப் படித்தேன். கோவை, திருப்பூர், ஈரோடு, கரூர் ஆகியவற்றைத் தனித்தனிக் கட்டங்களில் நிறுத்தி ஏற்றுமதி, வருமானம், சாலை, மருத்துவ வசதி என்று மதிப்பிட்டிருந்தார்கள். அதன் பின்னுள்ள உழைப்பைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் மாவட்டத்தையே அலகாகக் கொண்டதால் கொங்குப் பகுதியின் முக்கியமான கணக்கொன்று அதில் விடுபட்டுவிட்டது. ஒரு மாவட்டம் ஈட்டும் வரவுக்கான செலவு அடுத்த மாவட்டத்துக் கிணறுகளின் தலையில் விழுகிறதே, அந்தக் கணக்கைத்தான் சொல்கிறேன்.

வெள்ளியங்கிரி மலையில் பிறக்கும் நொய்யல், ஏறத்தாழ 180 கிலோமீட்டர் ஓடி, கரூர் மாவட்டத்தில் தன் பெயரையே தாங்கிய ஊருக்கு அருகில் காவிரியில் கலக்கிறது. அதன் பெரும்பகுதி ஒரு காலத்தில் பழைய கோவை மாவட்டத்துக்குள் இருந்தது. 1979-இல் ஈரோடும் 2009-இல் திருப்பூரும் பிரிந்தன. கடைமடைப் பகுதி 1995-இல் திருச்சியிலிருந்து பிரிந்த கரூரைச் சேர்ந்தது. எங்கள் காங்கேயம் வட்டமே ஈரோட்டிலிருந்து திருப்பூருக்கு மாறியதுதான். ஆட்சியர் அலுவலகம் பக்கத்தில் வந்ததில் எங்களுக்கு மகிழ்ச்சியே. ஆயினும் மனு கொடுக்க வசதியான எல்லை, ஆற்றைப் பற்றி முடிவெடுக்கவும் போதுமானதாகிவிடாது.

ஒரத்துப்பாளையம் அணையைப் பாருங்கள். ஈரோடு, கரூர்ப் பகுதிகளில் சுமார் 20,000 ஏக்கர் பாசனம் பெற வேண்டும் என்று 1992-இல் கட்டி முடித்தார்கள். மேலே திருப்பூரில் பின்னலாடைத் தொழில் வளர வளர, சாயக்கழிவு வந்து தேங்கும் தொட்டியாக அது மாறியது. உப்பேறிய நீரைப் பாய்ச்சிய தோட்டங்களில் மண் மேலே வெள்ளை பூத்தது, இளநீரே கரித்தது, மாடு தண்ணீர்த் தொட்டியில் வாய் வைத்துவிட்டுத் திரும்பியது. ஆயக்கட்டுதாரர்கள், அதாவது அந்தப் பாசனத்தை நம்பிய நில உடைமையாளர்கள், வழக்குத் தொடுத்தனர். 2011 ஜனவரியில் சாயப்பட்டறைகளை மூடச் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. கழிவுநீரை ஒரு சொட்டும் ஆற்றில் விடாமல் சுத்திகரித்துத் திரும்பப் பயன்படுத்தும் ‘ஜீரோ டிஸ்சார்ஜ்’ முறைக்குத் தொழில் மாறியது அந்த நெருக்கடிக்குப் பிறகுதான். இன்று ஆண்டுக்கு 40,000 கோடி ரூபாயை ஒட்டி ஏற்றுமதி நடக்கிறதென்றால், மாசைக் கட்டுப்படுத்தினால் தொழிலே படுத்துவிடும் என்று அன்று சொன்னவர்களின் அச்சம் வீண் என்றாகிறது. என் கேள்வி வேறு. மேல்மடையும் கடைமடையும் எதிரெதிரே உட்கார்ந்து பேச நீதிமன்றக் கூடத்தைத் தவிர நமக்கு ஓர் இடம் ஏன் வாய்க்கவில்லை? வழக்கு என்பது நிலம் கெட்ட பிறகு வருவது. திட்டம் அதற்கு முன்பே வந்திருக்க வேண்டும்.

அப்படித் திட்டமிட வழியில்லாமல் இல்லை. அரசமைப்புச் சட்டத்தின் 243இசட்டி (243ZD) பிரிவு மாவட்டத் திட்டக் குழுவை அமைக்கச் சொல்கிறது. உறுப்பினர்களில் ஐந்தில் நான்கு பங்கினர் ஊராட்சி, நகராட்சிகளின் தேர்ந்தெடுக்கப்பட்ட பிரதிநிதிகளிலிருந்து வர வேண்டும். ஊருக்கும் நகருக்கும் பொதுவான இடஞ்சார் திட்டமிடல், நீர்ப் பகிர்வு, சுற்றுச்சூழல் பாதுகாப்பு ஆகியவற்றை அக்குழு கருத்தில் கொள்ள வேண்டும் என்றும் அப்பிரிவே கூறுகிறது. 1971-ஆம் ஆண்டின் நகர் ஊரமைப்புச் சட்டத்தில் மண்டலத் திட்டத்துக்கும் இடமுண்டு. நடைமுறையைப் பார்த்தால், கோவை நகரின் முழுமைத் திட்டமே 1994-க்குப் பிறகு புதிய வரைவாக வெளிவர 2024 ஆயிற்று. 2025 ஜனவரியில் பதவிக்காலம் முடிந்தபோது நம் மாவட்டங்களின் ஊராட்சிகள் தனி அலுவலர்கள் கைக்குப் போயின. தேர்ந்தெடுக்கப்பட்ட ஊராட்சி உறுப்பினரே இல்லாதபோது திட்டக் குழுவில் ஊரின் பக்கம் யார் உட்காருவது?

கீழ்பவானி வாய்க்காலில் கான்கிரீட் தளம் போடும் பிரச்சினையிலும் அலகுக் கோளாறு உண்டு. ஈரோடு, திருப்பூர், கரூர் மாவட்டங்களில் 2.07 லட்சம் ஏக்கர் ஆயக்கட்டுக்கு நீர் தரும் அந்த 200 கிலோமீட்டர் மண் வாய்க்காலில் கசியும் நீரைப் பொறியாளர் ‘இழப்பு’ என்று எழுதுகிறார். வாய்க்காலுக்குக் கீழ்ப்புறத்தில் தோட்டம் வைத்திருப்பவரோ அந்தக் கசிவு நீரால்தான் கிணறு ஊறுகிறது என்கிறார். கடைமடைக்காரர் தன் முறைத் தண்ணீர் வந்து சேர்வதில்லை என்கிறார். மூவர் சொல்வதும் உண்மை. வாய்க்காலை மட்டும் பார்த்தால் முதலாமவர் கணக்கு சரி. கிணறும் ஓடையும் கடைமடையும் சேர்ந்த நிலப்பரப்பைப் பார்த்தால்தான் எவ்வளவு தூரத்துக்குத் தளம் போடலாம், எங்கே மண்ணாகவே விட வேண்டும் என்று பேசத் தொடங்க முடியும்.

அத்திக்கடவு–அவிநாசித் திட்டம் இந்த விஷயத்தில் ஒரு நல்ல தொடக்கம். காலிங்கராயன் அணைக்கட்டுக்குக் கீழே பவானியின் உபரி நீரில் 1.5 டி.எம்.சி.யை எடுத்து மூன்று மாவட்டங்களின் 1,045 நீர்நிலைகளை நிரப்பும் அது, பல தலைமுறைப் போராட்டத்துக்குப் பின் 2024 ஆகஸ்டில் நடைமுறைக்கு வந்தது. அவற்றில் 32 ஏரிகள் நீர்வளத் துறையிடமும், 42 ஊராட்சி ஒன்றியங்களிடமும் உள்ளன. மீதி 971 ஊர்க் குட்டைகள். இனி வரப்போகும் சிக்கல் குழாயில் அல்ல, இந்தக் குட்டைகளில்தான் என்பது என் எண்ணம். தூர்வாருவது, சீமைக்கருவேலத்தை வெட்டுவது, கரையோரத்து வீட்டுமனைகளின் கழிவு குட்டையில் இறங்காமல் பார்ப்பது என்று வேலைகள் வரும்போது ஒரு துறை இன்னொரு துறையைக் கை காட்டும்.

காங்கேயம், தாராபுரம், மூலனூர்ப் பக்கத்துக் கொரங்காடுகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். கிளுவை வேலி கட்டிய பட்டா நிலம், நடுவே வெள்வேல மரங்கள், கீழே கொழுக்கட்டைப் புல். ஒரு காட்டில் மாடு மேயும்போது அடுத்த காடு தழைத்துக்கொண்டிருக்கும். மழை குறைந்த மண்ணுக்கு இதைவிடப் பொருத்தமான நிலப் பயன்பாட்டை எந்த நிபுணரும் தந்துவிடவில்லை. காங்கேயம் காளை இங்கிருந்து வந்ததுதான். ஆனால் வளர்ச்சிக் குறியீட்டில் கொரங்காட்டுக்கு மதிப்பெண் கிடையாது. அதையே அழித்து மனை போட்டால் பத்திரப்பதிவு வருவாயாகக் கணக்கில் ஏறிவிடும்.

ஐரோப்பிய ஒன்றியம் 1991 முதல் ‘லீடர்’ என்ற பெயரில் ஊரகப் பகுதிகளில் ஒரு முறையை நடத்தி வருகிறது. பெரும்பாலும் 10,000 முதல் 1,50,000 வரை மக்கள் வாழும் ஒரு பகுதி, அதாவது நம் ஊராட்சி ஒன்றியம் போன்ற அளவு, தனக்கான செயல் குழுவை அமைத்துத் தன் திட்டத்தைத் தானே எழுதுகிறது. அரசு அமைப்புகளோ வேறு எந்தத் தரப்போ முடிவெடுப்பில் 49 விழுக்காட்டுக்கு மேல் வாக்கு வைத்திருக்கக் கூடாது என்று 2014-இல் தொடங்கிய திட்டக் காலத்தின் விதிகளில் எழுதி வைத்தார்கள். மற்றதெல்லாம் அவர்கள் நாட்டுக்கு; இந்த ஒரு விதியை மட்டும் நாம் எடுத்துக்கொள்ளலாம். நான்கு மாவட்டத் திட்டக் குழுக்களின் பிரதிநிதிகள், ஆயக்கட்டுதாரர்கள், சாயப்பட்டறை உரிமையாளர்கள், பனியன் தொழிலாளர்கள், மாநகராட்சிகள், நீர்வளத் துறை ஆகிய தரப்புகளைக் கொண்டு, எந்தத் தரப்புக்கும் தனிப் பெரும்பான்மை இல்லாத நொய்யல் படுகைக் குழு ஒன்றைச் சட்டப்படி அமைக்கலாம். புதிய துறையோ புதிய கட்டடமோ வேண்டாம். படுகைக்குள் வரும் தொழிற்பேட்டை, மனைப்பிரிவு, கழிவுநீர்த் திட்டம் எதுவானாலும் ஒப்புதலுக்கு முன் அக்குழுவின் முன்னால் வைக்கப்பட வேண்டும் என்பது போதும். 2021-இல் எழுந்து அடங்கிய ‘கொங்குநாடு’ தனி மாநிலப் பேச்சோடு இதை யாரும் முடிச்சுப் போட வேண்டாம். நான் கேட்பது எல்லை தாண்டிய கூட்டுத் திட்டம், புதிய எல்லை அல்ல.

தங்கள் இதழ் அடுத்த முறை இத்தகைய ஒப்பீட்டை வெளியிடும்போது, மாவட்ட அட்டவணைக்குப் பக்கத்தில் நொய்யல், பவானி, அமராவதி என்ற மூன்று படுகைகளுக்கும் தனித்தனி அட்டவணை ஒன்றைச் சேர்க்குமாறு கேட்டுக்கொள்கிறேன். ஏற்றுமதித் தொகைக்கு எதிர்ப் பத்தியில் கிணற்று நீரின் உப்பளவையும் அச்சிடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
காங்கேயம் வட்டம், திருப்பூர் மாவட்டம்.