அஸ்மஹானைப் பற்றி எழுதப்போகும் தம்பிக்கு

அன்புத் தம்பி,

எகிப்தில் பாடியும் நடித்தும் பெயர் பெற்ற பாடகி அஸ்மஹானைப் பற்றி எழுதப்போவதாகச் சொன்னாய். கால்வாயில் கவிழ்ந்த காரிலிருந்து மட்டும் தொடங்காதே. எல்லாரும் அங்கேதான் தொடங்குகிறார்கள். பிறகு உளவு, சதி என்று பக்கம் பக்கமாக ஓடி, பாட்டுக்கு இடமே இல்லாமல் போகிறது.

பிறந்த ஆண்டிலேயே இடறல் இருக்கிறது. சில நூல்களில் 1912, சிலவற்றில் 1917. ஒன்றை நம்பி வயதைக் கணக்குப் போட்டால், இறக்கும்போது 31ஆ 26ஆ என்று இடிக்கும். இரண்டையும் போட்டுவிடு. இயற்பெயர் ஆமால் அல்-அத்ராஷ், சிரியாவின் துரூஸ் என்ற சிறுபான்மை மதச் சமூகத்துக் குடும்பம். தாய் அலியா பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு கெய்ரோவுக்கு வந்தார். அஸ்மஹான் என்று பெயர் வைத்தது இசையமைப்பாளர் தாவூத் ஹுஸ்னி.

முகம் காட்டிய படங்கள் இரண்டே. 1940இல் வந்த 'யவ்ம் ஸயீத்' படத்தில் குரல் மட்டும்தான். அதையும் சேர்த்து மூன்று என்று எழுதிவிடாதே. 1941இல் அஹ்மத் பத்ரகான் இயக்கிய 'இந்திஸார் அஷ்-ஷபாப்' முதல் படம். அண்ணன் ஃபரீத் அல்-அத்ராஷுக்கும் அதுதான் முதல் படம். திரையிலும் அண்ணன் தங்கையாகவே வருகிறார்கள். பேச்சுக் காட்சிகளில் அஸ்மஹானின் நடிப்பு சுமார்தான், மழுப்ப வேண்டாம்.

படத்துக்குப் போகுமுன் 'யா துயூர்' என்ற இசைத்தட்டுப் பாட்டைக் கேள். மெட்டு முகமது அல்-கஸப்ஜி. பறவைகளைக் கூப்பிடும் வரிகளுக்குப் பின் சொல்லே இல்லாமல் குரல் மேலே ஏறும். ஓபராப் பாடகிகள் எடுக்கும் தலைக்குரல் அது. அரபுக் கமகமும் அந்தக் குரலும் ஒரே தொண்டையில் உரசாமல் வருவதைக் கவனி. அவரைப் பற்றிச் சொல்ல வேண்டியதில் பாதி அங்கேயே இருக்கிறது.

இரண்டாவது படம் யூசுப் வஹ்பி இயக்கி நடித்த 'கராம் வ இந்திகாம்' (காதலும் பழியும்). இதில் 'லயாலி அல்-உன்ஸ் ஃபீ வியன்னா' பாட்டுக்கு வரிகள் அஹ்மத் ராமி, மெட்டு ஃபரீத். பல்லவி வால்ட்ஸ் நடை. நம் திஸ்ரம் மாதிரி மூன்று மூன்றாக எண்ணிப் பார், பிடிபடும்.

1941இல் பிரிட்டிஷாருக்காக சிரியத் துரூஸ் தலைவர்களிடம் தூது போனது உண்மைதான். ஒரு பத்தி போதும். 1944 ஜூலை 14 அன்று எகிப்தின் கடற்கரை ஊரான ராஸ் அல்-பர் போகும் வழியில் கார் கால்வாய்த் தண்ணீரில் விழுந்தது. அஸ்மஹானும் கூட வந்த தோழியும் இறந்தார்கள், ஓட்டுநர் பிழைத்தார். கொலை என்று பலர் தலையில் பழி போட்டார்கள், எதுவும் நிரூபணமாகவில்லை. ஒருவர் பெயரையும் எழுதாதே.

அப்போது இரண்டாவது படம் முடிந்திருக்கவில்லை. நாயகியும் கார் விபத்தில் சாவதாக முடிவை மாற்றி அந்த ஆண்டே வெளியிட்டார்கள். கடைசிப் பகுதியை நிறுத்தி நிறுத்திப் பார்த்து, அவர் முகம் எங்கே நின்றுபோகிறது என்று குறித்துக்கொள். ஒட்டுப்போட்ட இடம் தெரியும்.

இன்னொன்று. எகிப்தை ஆண்ட முகமது அலி அரச வம்சத்தைப் புகழும் பாட்டை, மன்னராட்சியைக் கவிழ்த்த 1952 புரட்சிக்குப் பிறகு இந்த இரண்டாவது படத்திலிருந்து வெட்டிவிட்டார்கள். உன் கையில் உள்ள பிரதியில் அது இருக்கிறதா என்று முதலில் பார். இல்லாவிட்டால் படத்தின் நீளமும் பாட்டுக் கணக்கும் இரண்டுமே தப்பும்.

அன்புடன்,
அண்ணன்