ஒரு தீர்ப்பு, இரண்டு டிகிரி: உயர் நீதிமன்ற விதிக் குழுவுக்கு ஒரு திறந்த மடல்

சென்னை உயர் நீதிமன்ற விதிக் குழுவினருக்கு,

வணக்கம். தம்புச் செட்டித் தெருவில் ஒரு சிவில் வக்கீலிடம் இருபத்தாறு வருடமாகக் குமாஸ்தாவாக இருக்கிறேன். நகல் மனு போடுவதும், குறை காட்டி நீதிமன்றம் ரிட்டர்ன் செய்த வழக்குக் கட்டைச் சரிசெய்து திரும்பத் தாக்கல் செய்வதும்தான் என் பிழைப்பு. சட்டம் படித்தவன் இல்லை. ஆனால் ஒரே தவறால் வீட்டை இழந்தவர்களைப் பலமுறை பார்த்துவிட்டேன்.

பெரம்பூர் அம்மா ஒருவர். ஒன்றரை கிரவுண்டு இடம், வழக்கு இரண்டு. இடம் தன்னுடையது என்று நீதிமன்றம் அறிவிக்க வேண்டும் (விளம்புகை) எனக் கேட்டுப் பக்கத்து வீட்டுக்காரர் போட்டது ஒன்று. அதே இடத்தை மீட்டுத் தரச் சொல்லி இவர் போட்டது இன்னொன்று. சேர்த்து விசாரித்துப் பொதுத் தீர்ப்பு வந்தது. பக்கத்து வீட்டுக்காரர் வழக்கு டிகிரி ஆனது, அதாவது அவர் கேட்டபடி தீர்ப்பாணை கிடைத்தது; இவர் வழக்கு தள்ளுபடி. பொதுத் தீர்ப்பு ஒன்றுதான் என்றாலும் ஒவ்வொரு வழக்குக்கும் ஒரு டிகிரி உண்டு. தள்ளுபடியை எதிர்த்து மட்டும் இவர் அப்பீல் போட்டார். "தீர்ப்பு ஒண்ணுதானே தம்பி, ரெண்டு தடவை எதுக்குக் கோர்ட் ஃபீ கட்டணும்னு இருந்துட்டேன்" என்றார் என்னிடம். அப்போது நடத்திய வக்கீலும் எடுத்துச் சொல்லவில்லை.

அப்பீலில் அவருடைய பத்திரங்களைப் பிரித்துப் பார்க்கும் கட்டமே வரவில்லை. எதிர்க்காமல் விட்ட டிகிரி இறுதியாகிவிட்டது, இடம் யாருடையது என்ற கேள்வி அதிலேயே முடிந்தது, ஒருமுறை முடிவான கேள்வியைத் திரும்ப விசாரிக்கக் கூடாது என்கிற, உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 11-இன் முன்தீர்ப்புத் தடை குறுக்கே நிற்கிறது என்று சொல்லிவிட்டார்கள்.

சட்டம் தவறு என்று நான் சொல்லவில்லை. இந்தத் தடை இல்லாவிட்டால் ஒரே இடத்துக்கு இரண்டு பேர் கையிலும் டிகிரி இருக்கும். நீதிமன்ற ஆணையை நிறைவேற்றும் அமீனா யாருக்குச் சாவி வாங்கிக் கொடுப்பார்? உச்ச நீதிமன்றமும் 1966-இல் ஷியோதான் சிங் வழக்கிலிருந்து இதைத் திரும்பத் திரும்பச் சொல்லி வருகிறது. அந்த வழக்கில் கூடவே போட்ட இரண்டு அப்பீல்கள் விசாரணைக்கே வராமல், ஒன்று காலம் கடந்ததாலும் இன்னொன்று ஆவணங்களை அச்சிட நடவடிக்கை எடுக்காததாலும் தள்ளுபடியானவை. அதுவே மற்ற அப்பீல்களுக்குத் தடையாயிற்று. 2014-இல் நம் பக்கத்துப் புதுச்சேரியின் கங்கை விநாயகர் கோயில் வழக்கிலும் அதே கதைதான்: மூன்று வழக்குகளுக்கு ஒரு பொதுத் தீர்ப்பு, ஒன்றில் மட்டும் அப்பீல்.

என் மனக்குறை, இதை ஜனங்களிடம் யாரும் சொல்வதில்லை என்பதுதான். சொல்ல வேண்டிய வழி சட்டத்திலேயே இருக்கிறது. அதே சட்டத்தின் கட்டளை 20 விதி 5ஏ, இரு தரப்புக்கும் வக்கீல் இருந்தாலொழிய, வந்திருக்கும் தரப்பினருக்கு எந்த நீதிமன்றத்தில், எத்தனை நாளுக்குள் அப்பீல் போடலாம் என்று நீதிமன்றமே தெரிவித்துப் பதிவு செய்யச் சொல்கிறது. இரு தரப்பிலும் வக்கீல் வைத்திருந்தால் அந்தப் பாதுகாப்பு கிடையாது. பெரம்பூர் அம்மாவும் வக்கீல் வைத்திருந்தார்.

பிரிவு 122 இந்த விதிகளைத் திருத்தும் அதிகாரத்தை உயர் நீதிமன்றத்துக்குத் தந்திருக்கிறது. திருத்தம் குறித்து அறிக்கை தர வேண்டியவர்கள் நீங்கள். பொதுத் தீர்ப்பு என்றால், வக்கீல் இருந்தாலும் இல்லாவிட்டாலும், ஒவ்வொரு டிகிரியின் அடியிலும் சேர்ந்து விசாரித்த வழக்குகளின் எண்களை எழுதி, "ஒவ்வொன்றுக்கும் தனி மேல்முறையீடு தேவைப்படலாம்" என்று தமிழில் அச்சிடச் செய்யுங்கள்.

இன்னொன்று, இது எங்கள் கவுன்ட்டர் சமாச்சாரம். கோர்ட் ஃபீ பத்து ரூபாய் குறைந்தாலும் கட்டை ரிட்டர்ன் செய்கிறார்கள். பொதுத் தீர்ப்பை எதிர்த்து ஒரே அப்பீல் வரும்போது, "மற்ற டிகிரிக்கு அப்பீல் போட்டாயிற்றா?" என்று அதே ரிட்டர்ன் சீட்டில் ஒரு வரி கேட்கச் சொல்லுங்கள். மாவட்ட நீதிமன்றத்துக்கு 30 நாள், உயர் நீதிமன்றத்துக்கு 90 நாள் என்ற கெடு முடிவதற்குள் அந்த வரி கைக்கு வந்தால் விட்டதைப் போட்டுவிடலாம். சில நாள் தவறியிருந்தாலும் தாமத மன்னிப்பு மனுவோடு ஓடி வரலாம். பெரம்பூர் அம்மா எங்களிடம் வந்தபோது ஆறு வருடம் கடந்திருந்தது.

இப்படிக்கு,
ஒரு வக்கீல் குமாஸ்தா,
தம்புச் செட்டித் தெரு, சென்னை