அந்த 5,100 டாலர் உன் வரி இல்லை

கேட்டி, டெக்சாஸ்

அன்புள்ள கோமதி,

உன் கடிதம் கிடைத்தது. நீங்கள் ஃபிரிமான்ட்டைக் காலி செய்துவிட்டு இங்கே வரப்போவதாக எழுதியிருந்ததை இவரிடம் படித்துக் காட்டினேன். "கோமதியாவது, கலிஃபோர்னியாவை விடுவதாவது" என்று சிரித்தார். எனக்கு நம்பிக்கை இருக்கிறது. பேரன் பிறந்த பிறகு எந்தப் பாட்டி ஊரைப் பார்த்துக்கொண்டிருப்பாள்? மகள் வீட்டுக்குப் பக்கத்திலேயே வீடு, கொல்லையில் எலுமிச்சை மரம், முக்கால் மணி நேரத்தில் பேர்லாண்ட் மீனாட்சி கோயில். எல்லாம் பொருத்தமாகத்தான் இருக்கிறது.

ஆனால் அந்த வீட்டின் விற்பனை விளம்பரத்தில் "சென்ற ஆண்டு வரி 5,100 டாலர்" என்று போட்டிருப்பதைப் பார்த்துவிட்டு, "எங்கள் வரியைவிடக் குறைவாகத்தானே இருக்கிறது, டெக்சாஸ்காரர்கள் எதற்கு இப்படிப் புலம்புகிறீர்கள்" என்று கேட்டிருக்கிறாய் பார், அதைப் படித்ததும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அது அந்த வீட்டின் சொத்து வரி இல்லை, கோமதி. அந்த வீட்டில் இப்போது குடியிருக்கும் பெரியவரின் வரி. வீட்டை உனக்கு எழுதிக் கொடுப்பார். வரியை எழுதிக் கொடுக்க அவரால் முடியாது.

உன்னைக் குறை சொல்லவில்லை. கலிஃபோர்னியா உன்னை இத்தனை வருடம் தாலாட்டி வைத்திருக்கிறது. 1978-இல் அங்கே மக்கள் வாக்களித்துக் கொண்டுவந்த 13-ஆம் முன்மொழிவால், வாங்கிய விலைதான் உன் வரிக்கு அடித்தளம். அந்த மதிப்பு ஆண்டுக்கு 2 சதவீதத்துக்கு மேல் ஏறக் கூடாது. அடிப்படை வரி அதில் 1 சதவீதம், உள்ளூர்க் கடன் பத்திரங்களுக்காகக் கொஞ்சம் மேலே. 1999-இல் நீங்கள் 3,80,000 டாலருக்கு வாங்கிய வீடு வரிக் கணக்கில் இன்னும் ஆறு லட்சத்துச் சொச்சத்தில்தான் நிற்கும். போன வருடம் உங்கள் பக்கத்து வீட்டை வாங்கிய பிள்ளைகள் அதே மாதிரி வீட்டுக்கு உன்னைப் போல இரண்டு மூன்று மடங்கு கட்டுவார்கள். அந்தச் சலுகையைக் கையோடு எடுத்து வரவும் முடியாது. 55 வயதைத் தாண்டியவர்கள் பழைய மதிப்பைப் புது வீட்டுக்கு மாற்றிக்கொள்ளலாம் என்று 2020-இல் 19-ஆம் முன்மொழிவு வந்ததே, அது கலிஃபோர்னியாவுக்குள் மட்டும்தான் செல்லும்.

இங்கே கதை வேறு. மாநில வருமான வரி கிடையாது என்று எல்லாரும் சொல்லிக்கொள்கிறோம். ஆனால் பள்ளிக்கூடமும் சாலையும் தீயணைப்பும் யாராவது கொடுத்துத்தானே ஆக வேண்டும்? பெரும்பங்கு வீட்டின் தலையில் விழுகிறது. ஒவ்வோர் ஆண்டும் ஜனவரி 1 அன்று வீடு சந்தையில் என்ன பெறும் என்று கவுண்டியின் (நம் ஊர் மாவட்டம் மாதிரி) மதிப்பீட்டு அலுவலகம் ஒரு தொகையைப் போடும். அதன் மேல் பள்ளி மாவட்டம், கவுண்டி, வடிகால், அவசர சேவை, சமுதாயக் கல்லூரி என்று ஆளாளுக்கு நூறு டாலருக்கு இத்தனை சென்ட் என்று ஒரு விகிதம் வைப்பார்கள். எல்லாவற்றையும் கூட்டினால் நூறுக்கு இரண்டு டாலரைத் தாண்டுவது இந்தப் பக்கத்தில் சாதாரணம்.

நீ பார்த்த வீட்டையே எடுத்துக்கொள்வோம். விலை 4,50,000 என்று எழுதியிருந்தாய். விகிதங்களை நான் உத்தேசமாகப் போடுகிறேன், சரியான எண்களைப் பிறகு நிரப்பிக்கொள்ளலாம். பள்ளிக்கு 1.10, கவுண்டிக்கு 0.42, மட் வரி (குடியிருப்பின் தண்ணீர், கழிவுநீர் வசதிக்கானது, பிறகு விளக்குகிறேன்) 0.75, மீதி சில்லறை எல்லாம் சேர்த்து 0.13. ஆக மொத்தம் 2.40. அப்படியே பெருக்கினால் 10,800 டாலர். மயக்கம் போடாதே, நீங்கள் குடியிருக்கப் போகிற வீடு என்பதால் ஹோம்ஸ்டெட் விலக்கு உண்டு. பள்ளி வரிக்கு மட்டும் மதிப்பில் 1,40,000 டாலரைக் கழித்துவிடுவார்கள். ஒரு லட்சமாக இருந்ததை 2025 நவம்பர் வாக்கெடுப்பில் உயர்த்தினார்கள், அதற்கும் 13-ஆம் முன்மொழிவு என்றுதான் பெயர்! ஆகப் பள்ளிக்கு 3,10,000-க்குக் கணக்கிட்டால் 3,410. கவுண்டி 20 சதவீதம் விலக்குத் தருவதாக வைத்தால் (பல கவுண்டிகள் தருகின்றன, எல்லாமும் அல்ல) 1,512. மட் வரிக்கு விலக்கு இல்லை என்று வைத்து 3,375. சில்லறை 585. கூட்டினால் 8,882 டாலர், மாதம் 740. உன் பட்ஜெட்டில் எழுத வேண்டிய எண் இதுதான்.

அப்படியானால் அந்தப் பெரியவர் மட்டும் எப்படி 5,100 கட்டுகிறார்? முதலாவது, அவருக்கு 65 தாண்டியிருக்கும். அந்த வயதில் பள்ளி வரி விலக்கு இன்னும் 60,000 கூடும். அதோடு பள்ளி வரி அந்த ஆண்டுத் தொகையிலேயே உறைந்துவிடும், அதன் பிறகு வீட்டை இடித்துப் பெரிதாக்கினாலொழிய ஏறாது. இரண்டாவது, ஹோம்ஸ்டெட் வீட்டின் வரிக்குரிய மதிப்பு ஆண்டுக்கு 10 சதவீதத்துக்கு மேல் ஏறக் கூடாது. விலைகள் தாறுமாறாக ஏறிய ஆண்டுகளில் அந்த உச்சவரம்பு அவருக்குக் குடை பிடித்திருக்கும். விற்றதும் இரண்டும் போயிற்று. உனக்கு அந்தப் பத்து சதவீத வரம்பு உடனே கிடைக்காது. 2026 நடுவில் வாங்கினால் 2027 உன் முதல் முழு ஹோம்ஸ்டெட் ஆண்டு, வரம்பு 2028-இல்தான் தொடங்கும். நடுவில் எவ்வளவு ஏற்றினாலும் தடை இல்லை.

உன் வீட்டுக்காரருக்கு அடுத்த ஆண்டு 65 நிறைகிறது அல்லவா? பிறந்தநாளுக்குப் பாயசம் வைப்பதோடு விண்ணப்பத்தையும் கொடுத்துவிடு. என் கணக்கில் பள்ளி வரி 2,750-க்கு இறங்கும், அதோடு உறையும். நான்கு தவணைகளில் வட்டியில்லாமல் கட்டவும் அனுமதி உண்டு. அவர் முழங்கால் இப்போது எப்படி இருக்கிறது? அறுவை சிகிச்சையை இங்கே வந்து செய்துகொள்வதாக இருந்தால் மாடிப்படி உள்ள வீட்டைப் பார்க்காதே. இதை வரியை விட முதலில் சொல்லியிருக்க வேண்டும்.

மட் என்றேனே, அதைக் கொஞ்சம் விளக்க வேண்டும், ஹூஸ்டன் புறநகரில் பலர் இடறுவது இதில்தான். நகர எல்லைக்கு வெளியே புதுக் குடியிருப்பு எழுப்பும்போது தண்ணீர்க் குழாய், கழிவுநீர், வடிகால் எல்லாம் போட அந்தப் பகுதிக்கென்று தனியாக ஒரு சட்டபூர்வ அமைப்பை உண்டாக்கி, கடன் பத்திரம் வெளியிட்டுப் பணம் திரட்டுவார்கள். கடனை அடைப்பது அங்கே குடிவருகிறவர்கள், வரியாக. வீடுகள் நிறைந்து கடன் கரையக் கரைய விகிதம் இறங்கும். நேற்று முளைத்த குடியிருப்பில் நூறுக்கு ஒரு டாலரைக்கூடத் தாண்டும். ஒரே விலையில் இரண்டு வீடு, நடுவில் ஒரு சாலை, வருட வரியில் மூவாயிரம் டாலர் வித்தியாசம் என்பதை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். விற்பவர் மட் விகிதத்தையும் பாக்கிக் கடனையும் எழுதி உன்னிடம் கையெழுத்து வாங்க வேண்டும் என்பது சட்டம். வாங்குகிற அவசரத்தில் எல்லாரும் அந்தத் தாளைப் படிக்காமல் கையெழுத்திடுகிறார்கள். நீ படி. குடியிருப்போர் சங்கத்தின் சந்தா இதில் சேராது, அது தனிச் செலவு.

எங்கள் தெருவில் ஒரு சின்னஞ்சிறு தம்பதி, கோயம்புத்தூர் பக்கத்துப் பிள்ளைகள். புத்தம்புது வீடு வாங்கினார்கள். அந்த வருடம் ஜனவரி 1 அன்று அங்கே வெறும் மனைதான் இருந்தது. ஆகவே முதல் பில் இரண்டாயிரம் டாலர் சொச்சம். கடன் கொடுத்த நிறுவனமும் அதையே நம்பி, வரி கட்டுவதற்காகத் தவணையோடு பணம் பிடித்து வைக்கும் எஸ்க்ரோ கணக்கில் மாதம் இருநூறுக்கும் குறைவாகப் பிடித்தது. அடுத்த ஆண்டு முழு வீட்டுக்கும் மதிப்பீடு வந்து பில் பதினொன்றாயிரம் ஆயிற்று. ஒரு சனிக்கிழமை காலை அந்தப் பையன் கடிதத்தை எடுத்துக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தான். இரண்டு பத்திகளில் இரண்டு எண்கள்: பற்றாக்குறையைப் பன்னிரண்டு மாதத்தில் ஈடுகட்ட மாதம் எழுநூற்றைம்பது, இனிவரும் வரிக்காக இன்னுமோர் எழுநூற்றைம்பது. மாதத் தவணை ஒரே அடியில் 1,500 டாலர் கூடிவிட்டது. அந்தப் பெண் வாசற்படியிலேயே நின்றாள், உள்ளே வரவில்லை. விற்பனைக் கூடத்தில் அவர்களுக்குக் காட்டிய அழகான மாதக் கணக்குத் தாளில் "வரி உத்தேசம்" என்று பொடி எழுத்தில் போட்டிருந்தது. நீ பழைய வீடு பார்ப்பது நல்லதற்குத்தான்.

மதிப்பீடு அதிகம் என்று பட்டால் முறையிடலாம். இங்கே அது ஒரு வருடாந்திரத் திருவிழா. ஏப்ரல் வாக்கில் அறிவிப்பு வரும். மே 15 அல்லது அறிவிப்பு அனுப்பி முப்பது நாள், எது பிந்தியதோ அதுவரை அவகாசம். அதிகாரியிடமே பேசி முடியாவிட்டால் குடிமக்கள் குழு முன் விசாரணை. ஒருமுறை எங்கள் ஆவணத்தில், கூடத்துக்கு மேலே திறந்து கிடக்கும் வெற்றிடத்தையும் ஓர் அறையாகக் கணக்கிட்டிருந்தார்கள். கூடத்தில் நின்று மேலே பார்த்து இவர் எடுத்த புகைப்படத்தை மேசையில் வைத்தோம். குழுவில் இருந்த அம்மாள் கண்ணாடியைக் கழற்றிப் பார்த்துவிட்டு, "இங்கே தரை எங்கே?" என்று அதிகாரியைக் கேட்டார். ஐந்து நிமிடத்தில் முடிந்தது. ஆனால் ஒன்று: பத்து சதவீத வரம்பு வந்த பிறகு வரி போடுவது சந்தை மதிப்பின் மேல் இல்லை, வரம்புக்குட்பட்ட மதிப்பின் மேல். அதற்கும் கீழே இறக்கினால்தான் அந்த ஆண்டு கையில் காசு மிஞ்சும். இது தெரியாமல் பலர் முறையீட்டு நிறுவனங்களிடம் பங்கு கொடுத்துக்கொண்டிருக்கிறார்கள்.

திருச்சியில் இருந்து பத்மா போன வாரம் பேசினாள். ஸ்ரீரங்கத்து வீட்டுச் சொத்து வரியை அரையாண்டு தொடங்கிய முப்பது நாளுக்குள் கட்டினால் 5 சதவீதம் ஊக்கத்தொகை என்று ஏப்ரல் முதல் வாரமே கட்டிவிடுவாளாம். என் வரியைச் சொன்னேன். சற்று நேரம் பேச்சே இல்லை, பிறகு "மாதத்துக்கா, வருடத்துக்கா?" என்றாள்.

உனக்கு என் யோசனை இது. வருமான வரி இல்லை என்கிற வாதம் சம்பளம் வாங்குகிறவர்களுக்கு. நீங்கள் இருவரும் ஓய்வூதியத்திலும் சேமிப்பிலும் இருக்கப் போகிறவர்கள். அங்கே நீங்கள் மாநிலத்துக்குக் கட்டும் வருமான வரியே கொஞ்சமாகத்தான் இருக்கும். அந்த மிச்சம் இந்த வீட்டு வரியை ஈடுகட்டாது. பேரனுக்காக வருவதென்றால் வா, வரி மிச்சம் என்று எண்ணி வராதே. மட் கடன் கரைந்துபோன பழைய குடியிருப்பில், கொஞ்சம் சின்ன வீடாகப் பார்த்தால் கணக்கு உங்கள் கைக்குள் நிற்கும். ஃபிரிமான்ட் வீட்டை விற்காமல் வாடகைக்கு விட்டு மகளுக்கு வைக்கலாம் என்றும் எழுதியிருந்தாய். இப்போதைய சட்டப்படி அது நீங்கள் குடியிருக்கும் வீடாக இருந்து, அவளும் அங்கே போய்க் குடியிருந்தால்தான் உன் பழைய வரி மதிப்பு அவளுக்குத் தொடரும், அதுவும் ஒரு வரம்புக்குள். வாடகைக்கு விட்ட வீட்டுக்கு அது கிடைக்காது. அவள்தான் இங்கே வேர் விட்டுவிட்டாளே.

பில்கள் அக்டோபர், நவம்பரில் வரும். ஜனவரி 31-க்குள் கட்ட வேண்டும். பிப்ரவரி 1 ஆனால் அபராதமும் வட்டியுமாக 7 சதவீதம். ஹோம்ஸ்டெட் விண்ணப்பத்துக்குக் கட்டணம் கிடையாது. வீடு வாங்கிய சில வாரங்களில் அரசு முத்திரை மாதிரி ஒன்றைப் போட்டு, விண்ணப்பித்துத் தருகிறோம், இத்தனை டாலர் அனுப்புங்கள் என்று கடிதம் வரும். குப்பையில் போடு. புது விலாசத்தோடு டெக்சாஸ் ஓட்டுநர் உரிமம் எடுத்துக்கொண்டு நீயே விண்ணப்பித்துவிடலாம்.

அந்த வீட்டின் விலாசத்தை எனக்கு அனுப்பு. மதிப்பீட்டு அலுவலகத்தின் பதிவில் எந்தெந்த அமைப்பு எவ்வளவு விகிதம், பெரியவருக்கு என்னென்ன விலக்கு என்று எல்லாம் இருக்கும். பார்த்து உன் கணக்கைப் போட்டு அனுப்புகிறேன். விலை பேசுவதற்கு முன் அது உன் கையில் இருக்கட்டும். மகளுக்கும் குட்டிப் பையனுக்கும் எங்கள் ஆசிகள். வரும்போது ஃபிரிமான்ட் கடையில் கிடைக்கும் அந்தச் சுக்குக் காப்பிப் பொடி இரண்டு பொட்டலம் வாங்கி வா, இங்கே கிடைப்பது வெறும் வெல்லமாக இருக்கிறது.

அன்புடன்,
வசந்தா