மேடம் டிஃபார்ஜைப் பாடம் நடத்துவோருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஆங்கில ஆசிரியர்களே,

வணக்கம். பழிவெறி கொண்ட மதுக்கடைக்காரி மேடம் டிஃபார்ஜ் வரும் சார்லஸ் டிக்கன்ஸின் நாவல் ‘இரு நகரங்களின் கதை’யைப் பாடத்திட்டத்திலிருந்து தூக்கச் சொல்லி இதை எழுதவில்லை. அதை நடத்தி முடித்ததும் பிரெஞ்சுப் புரட்சியையும் நடத்தி முடித்ததாக எண்ணிவிடாதீர்கள் என்று கேட்கத்தான் எழுதுகிறேன்.

நாவல் வந்தது 1859இல். தாமஸ் கார்லைல் எழுதிய பிரெஞ்சுப் புரட்சி வரலாற்று நூலுக்குத் (1837) தான் பட்ட கடனை டிக்கன்ஸ் முன்னுரையிலேயே சொல்லிவிடுகிறார். கார்லைலுக்கும் முன்னால், புரட்சியை எதிர்த்த பிரிட்டிஷ் அரசியல்வாதி எட்மண்ட் பர்க். பாரிஸில் தலைவெட்டும் இயந்திரமான கில்லட்டின் நடப்படுவதற்கு முன்பே, 1790இல், சாமானியர்களைப் பன்றிக் கூட்டம் என்று எழுதியவர். கார்லைல் பர்க்கின் கட்சி அல்ல. பிரபுக்கள் விதைத்ததை அறுத்தார்கள் என்பதுதான் அவர் வாதம். ஆனாலும் தெருவில் திரண்ட மக்கள் அவர் கண்ணுக்குத் தீயாகவும் புயலாகவும்தான் பட்டார்கள். டிக்கன்ஸ் பார்த்ததும் அந்தக் கண்ணால்தான்.

மதுப் பீப்பாய் உடையும் காட்சியையே எடுங்கள். பாரிஸின் ஏழைகள் வாழ்ந்த சேந்த் அந்துவான் பகுதியின் தெருக் கற்களில் ஓடும் மதுவை ஜனங்கள் மண்டியிட்டு அள்ளிக் குடிக்கிறார்கள். பெண்கள் தலைத்துணியை நனைத்துக் குழந்தையின் வாயில் பிழிகிறார்கள். ஒருவன் மது வண்டலில் விரலைத் தோய்த்துச் சுவரில் ‘ரத்தம்’ என்று எழுதுகிறான். பசியை இவ்வளவு கிட்டத்தில் காட்டிய எழுத்து அபூர்வம். ஆனால் பசி அங்கேயே ரத்தவெறியாகிவிடுகிறது. இடையில் யாரும் யோசிப்பதில்லை.

அதே சேந்த் அந்துவானைத் தேடி வரலாற்றாசிரியர் ஜார்ஜ் ரூடே பாரிஸ் போலீஸ் ஆவணங்களுக்குள் போனார். அவருடைய நூல் 1959இல் வந்தது, நாவலுக்குச் சரியாக நூறாண்டு கழித்து. பாஸ்டில் கோட்டைச் சிறையை வென்றவர்களின் பட்டியல் ஒன்றில் 662 பேர்: தச்சர்கள், பூட்டுத் தொழிலாளிகள், செருப்புத் தைப்பவர்கள், சில மதுக்கடைக்காரர்கள். பெண் ஒரே ஒருத்தி, சலவைத் தொழிலாளி. பெரும்பாலோர் குடியிருந்தது சேந்த் அந்துவானில்தான். 1789இல் நாலு பவுண்டு ரொட்டியின் விலை 14½ சூ (அன்றைய பிரெஞ்சுக் காசு) வரை ஏறி, கூலியாளின் நாள் சம்பளத்தில் பெரும்பகுதியை விழுங்கியது. ஜூலை 14 காலையில் இன்வாலிட் என்ற போர்வீரர் இல்லத்தில் துப்பாக்கிகள் கிடைத்துவிட்டன. வெடிமருந்து இருந்தது பாஸ்டிலில். அதனால் அங்கே போனார்கள். கோட்டைத் தலைவனைக் கொன்று தலையை ஈட்டியில் ஏந்தியதும் நடந்ததுதான், அதை மறைக்க வேண்டியதில்லை.

ஓரிடத்தில் டிக்கன்ஸை நான் விட்டுக்கொடுக்க மாட்டேன். கில்லட்டினுக்குப் போகும் வண்டியில் நாவலின் நாயகன் சிட்னி கார்ட்டனின் கையைப் பிடித்துக்கொண்டு வருபவள் ஏழைத் தையல்காரப் பெண். பயங்கர ஆட்சி எனப்படும் 1793-94 காலத்தில் மரண தண்டனை விதிக்கப்பட்ட சுமார் 17,000 பேரை 1935இல் வகைபிரித்துக் கணக்கெடுத்தார் டொனால்ட் கிரீர் என்ற அமெரிக்கர். பிரபுக்கள் அதில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. அந்தக் கணக்கு வருமுன்பே டிக்கன்ஸுக்கு அது எப்படியோ தட்டுப்பட்டிருக்கிறது. 1905இல் வந்த ‘ஸ்கார்லெட் பிம்பர்னல்’ நாவல் ஆங்கிலப் பிரபு ஒருவரை அனுப்பிப் பிரெஞ்சுப் பிரபுக்களைக் காப்பாற்றியதோடு சரி.

மேடம் டிஃபார்ஜின் பாத்திரப் படைப்பைத் தேர்வில் தாராளமாகக் கேளுங்கள். கூடவே அந்தச் சலவைக்காரி ஏன் பாஸ்டிலுக்குப் போயிருப்பாள் என்றும் ஒரு கேள்வி வையுங்கள். ரூடேயின் ஜூலை அத்தியாயத்தை ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்தால் ஒரு வகுப்பில் முடித்துவிடலாம். கார்லைலின் கையெழுத்துப் பிரதியை வேலைக்காரி அடுப்பில் போட்ட கதையை மட்டும் ஒரு வருடம் சுருக்கிச் சொன்னால், அதற்கு நேரம் கிடைத்துவிடும்.

இப்படிக்கு,
பழைய ஆங்கில இலக்கிய மாணவன்