மொட்டைத் திடலில் மரம் நிற்கிறது

மஞ்சக்குப்பம்,
கடலூர்.

அன்புள்ள சேகர்,

உன் கடிதத்துக்கு எட்டு மாதமாகப் பதில் போடாமல் இருந்தது தப்புதான். அம்மாவுக்குக் கண் ஆபரேஷன், அப்புறம் வீட்டில் பெயிண்ட் வேலை. இப்போது எல்லோரும் சுகம். உன் பையன் கல்யாணம் நிச்சயமானதை ராஜி சொன்னாள். நீ சொல்லவில்லை, அதைப் பிறகு வைத்துக்கொள்கிறேன்.

போன ஞாயிறு பேத்தியைக் கூட்டிக்கொண்டு பிச்சாவரம் அலையாத்திக் காட்டுக்குப் போயிருந்தேன். நம் மொட்டைத் திடல் ஞாபகம் இருக்கிறதா? 86இல் நீயும் நானும் கோபாலும் படகை விட்டு இறங்கி நடந்தோமே, உப்புப் பூத்து வெள்ளைவெளேரென்று, ஓரத்தில் கொஞ்சம் உமரிச் செடியைத் தவிர ஒன்றுமே இல்லாமல் கிடந்த இடம். இங்கே இனி எதுவும் முளைக்காது என்று உன் எச்.எம்.டி வாட்சைப் பந்தயம் வைத்தாய். சேகர், அங்கே இப்போது என் தலைக்கு மேல் மரம் நிற்கிறது. படகுக்காரர் கையை நீட்டிக் காட்டியபோது எனக்குப் பேச்சே வரவில்லை.

அது ஏன் மொட்டையானது என்று அப்போது நமக்குத் தெரியாது, ஆடு மாடு மேய்ந்தது என்று நினைத்தோம். உண்மையில் வெள்ளைக்காரன் காலத்திலிருந்து எழுபதுகள் வரை கூப்பு போட்டு, ஒவ்வொரு பகுதியாக மொத்தமாக வெட்டியிருக்கிறார்கள். மரம் போனதும் சேற்றில் நேராக வெயில் விழுந்து, ஈரம் வற்றி, மண் அமுங்கித் தட்டு மாதிரி பள்ளமாகிவிட்டது. கடல் ஏற்றத்தில் உள்ளே வந்த தண்ணீர் வற்றத்தில் வெளியே போக வழியில்லை. அங்கேயே நின்று காய்ந்து உப்பு ஏறிக்கொண்டே போனால் எந்தக் கன்று பிழைக்கும்? தொண்ணூறுகளில் சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் ஊர்க்காரர்களோடு சேர்ந்து, நடுவில் ஒரு பெரிய வாய்க்கால், இரண்டு பக்கமும் சாய்வாகக் கிளை வாய்க்கால்கள் என்று மீன் முள் மாதிரி வெட்டி, அதன் சரிவுகளில் கன்று நட்டார்கள். தண்ணீர் வந்து போக ஆரம்பித்ததும் உப்பு இறங்கிவிட்டது. வாய்க்கால் வெட்டியதுதான் விஷயம்! இதைப் படித்த நாளிலிருந்து யாரைப் பார்த்தாலும் சொல்லிக்கொண்டிருக்கிறேன், வீட்டில் சலித்துப் போய்விட்டார்கள்.

பேத்தி வெண்கண்டல் இலையை நக்கிப் பார்த்துவிட்டு "தாத்தா, உப்பு!" என்று கத்தினாள். வேண்டாத உப்பை அது இலை வழியாக வெளியே தள்ளிவிடுகிறது. சுரபுன்னையில் விதை மரத்திலேயே முளைத்து முருங்கைக்காய் மாதிரி தொங்குகிறது. தில்லை மரமும் காட்டினார்கள், பால் கண்ணில் பட்டால் ஆபத்து என்று தள்ளியே நிறுத்திவிட்டார்கள். நான்கு வருஷம் தில்லை என்று பெயர் வாங்கிய ஊரில் படித்தோம், மரத்தைப் பார்க்க இத்தனை வருஷம் கழித்து இங்கே வர வேண்டியிருந்தது. சேற்றில் தத்தித் தத்திப் போகும் மீன், ஒரு கை மட்டும் பெரிதாக உள்ள நண்டு, சாம்பல் நாரை, நீர்க்காகம். ஓரிடத்தில் ஒரு இருளர் அம்மா கழுத்தளவு தண்ணீரில் பறிக்கூடையைப் பல்லில் கடித்துக்கொண்டு, கையாலேயே துழாவி இறால் பிடித்துக்கொண்டிருந்தார். பேத்தி அந்த இடத்தை விட்டு நகரவே இல்லை.

உலகத்திலேயே இரண்டாவது பெரிய அலையாத்திக் காடு என்று கரையில் ஒருவர் சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கு அது பிடிக்கவில்லை. மொத்தமே சுமார் 1,100 ஹெக்டேர்தான், ஒடிசாவின் பிதர்கணிகா இதைவிடப் பல மடங்கு பெரிது. சின்னக் காடு என்பதால்தானே பயப்பட வேண்டியிருக்கிறது? சுனாமியின்போது இந்தக் காட்டுக்குப் பின்னால் இருந்த குப்பங்களில் சேதம் குறைவு, அதை உனக்கு நான் சொல்ல வேண்டாம், நிவாரண அரிசி மூட்டையோடு நீயும்தான் வந்தாய்.

2022இல் ராம்சார் பட்டியலில், அதாவது உலக அளவில் முக்கியமான ஈரநிலங்களின் பட்டியலில் சேர்த்தார்கள், நல்லது. ஆனால் கொள்ளிடத்தில் கீழணைக்குக் கீழே வெள்ளக் காலத்தில்தான் நல்ல தண்ணீர் வருகிறது. மற்ற மாதங்களில் பெரும்பாலும் கடல் நீர்தான். முகத்துவாரத்தில் மணல் சேர்கிறது, வெட்டிய வாய்க்கால்களிலும் சேறு படிகிறது, தூர் வாராமல் விட்டால் பழையபடி தண்ணீர் தேங்கும். தேங்கினால் என்ன ஆகும் என்று நாம் நடந்தே பார்த்தவர்கள். இரண்டு நாளாக இதுதான் மனதில் ஓடுகிறது.

ஏதாவது செய்யலாமா? கோபால் பொதுப்பணித்துறையில் இருந்தவன், வாய்க்கால் கணக்கெல்லாம் அவனுக்குத் தெரியும். அவனிடம் நீ பேசு, நான் பேசினால் பழைய துடுப்புக் கதையை எடுத்துவிடுவான். தை பிறந்ததும் வா, பறவைகளும் அப்போது நிறைய இருக்கும். காலை முதல் படகில் போய்விடலாம். அம்மா உன்னைக் கேட்டுக்கொண்டே இருக்கிறார்.

வாட்சை மறக்காமல் எடுத்து வா.

உன்
முரளி